பூசணி இலையும் சிவப்பு நாடாவும்

கெலிமானே, அகதி முகாம்
14 அக்டோபர் 1990

நோயெமியாவின் அப்பாவுக்கு,

மூங்கில் வெட்டப் போவதாகச் சொல்லிவிட்டுப் போனீர்கள். மூங்கில் வரப்போகிறது என்று நானும் கூரையின் பழைய ஓலையைப் பிரித்துப் போட்டுவிட்டேன். இப்போது வானம் தெரியும் குடிசையில் மகளோடு உட்கார்ந்திருக்கிறேன். மூங்கிலும் வரவில்லை, நீங்களும் வரவில்லை.

நேற்று லாரி நிறுத்தத்தில் கள்ளப்பம் விற்றுக்கொண்டிருந்தேன். ஓட்டுநர் அபூது வந்து வாய் நிறைய அப்பத்தோடு, "உன் வீட்டுக்காரர் வாத்தியார்தானே? நெஞ்சுக்குக் குறுக்கே செவப்பு நாடா கட்டிக்கிட்டு, கையில ஈட்டியோட நக்கூரோ பாலத்துல நிக்கிறாரே!" என்றான். நான் சிரித்துவிட்டேன். "வேற யாரையாவது பாத்திருப்ப. எங்க வீட்டுக்காரர் தேங்கா விழுற சத்தம் கேட்டாலே கட்டிலுக்கு அடியில போறவரு" என்றேன். அவன் சிரிக்கவில்லை. "ஒசரமா, ஒல்லியா, மூக்குக்கண்ணாடிக்கு ஒரு பக்கம் நூல் கட்டியிருக்குமே?" என்று கேட்டான்.

அந்த நூலைக் கட்டியது நான்தான்.

சிவப்பு நாடா கட்டிய அந்த நபாராமாக் கூட்டத்தைப் பற்றி இங்கே பேசாத வாய் இல்லை. நெஞ்சைக் கீறிச் சாம்பல் தேய்ப்பார்களாம், குண்டு தண்ணீராகிவிடுமாம். துப்பாக்கிக்கு எதிரே ஈட்டியும் அரிவாளுமாக நடந்து போவார்களாம். தண்ணீர் எத்தனை சூட்டில் கொதிக்கும், இரும்பு ஏன் துருப்பிடிக்கிறது என்று பாடம் நடத்தியவர் நீங்கள். சாம்பல் குண்டைத் தடுக்கும் என்று எந்தப் பாடத்தில் இருக்கிறது? சொல்லுங்கள், நானும் படித்துக்கொள்கிறேன்.

நீங்கள் பயந்தவர் என்று தெரிந்துதான் உங்களைக் கட்டிக்கொண்டேன். நம் ஊர் நமுவாலாவில், அரசாங்கத்தோடு சண்டை போடும் காட்டுக்காரர்கள் நம் வீட்டைக் கொளுத்திய அன்று ஊரிலேயே முதலில் ஓடியது நீங்கள். மகளைத் தோளில் போட்டுக்கொண்டு ஓடினீர்கள். அதனால்தான் அவள் இருக்கிறாள். தைரியசாலிகளின் மனைவிகள் எல்லாம் இன்று கறுப்புத் துணி கட்டியிருக்கிறார்கள்.

ஏன் போனீர்கள் என்றுகூடக் கேட்கவில்லை. ஏன் சொல்லாமல் போனீர்கள்?

எர்மெலிண்டா


நக்கூரோ பாலம்
11 நவம்பர் 1990

நோயெமியாவின் அம்மாவுக்கு,

சொல்லியிருந்தால் நீ தடுத்திருப்பாய். நீ தடுத்திருந்தால் நான் நின்றிருப்பேன். அதுதான் காரணம். வேறு பெரிதாக ஒன்றும் இல்லை.

ஆனால் ஏன் போனேன் என்பதையும் எழுதிவிடுகிறேன். செப்டம்பரில் ஒருநாள் காட்டுக்காரர்கள் வருகிறார்கள் என்று முகாமே எழுந்து ஓடியதே, நினைவிருக்கிறதா? நீ நகரத்துப் பக்கம் ஓடினாய். நான் மகளோடு அலையாத்திக் காட்டுச் சேற்றில் போய்ப் படுத்தேன். அவள் அழுதாள். வாயைப் பொத்தினேன். மாலைவரை கையை எடுக்கவில்லை. பிறகு தெரிந்தது, லாரி டயர் ஒன்று வெடித்த சத்தமாம் அது. கையை எடுத்தபோது அவள் கன்னத்தில் என் விரல்கள் ஐந்தும் பதிந்திருந்தன. 'கொசு கடித்த வீக்கம்' என்று உன்னிடம் சொன்னேன். கொசு இல்லை, எர்மெலிண்டா. இன்னும் கொஞ்சம் இறுக்கியிருந்தால் காட்டுக்காரர்கள் வந்திருக்கவே வேண்டாம்.

அந்த வாரம்தான் பக்கத்துக் குடிசை பெர்னபே என்னிடம் வந்து, "வாத்தியாரே, நான் போறேன், வர்றீங்களா?" என்று கேட்டான்.

எங்களுக்குத் தலைவர் நிஹோரோ. முன்பு சைக்கிள் பழுது பார்த்தவர். வடக்கே போய்ப் பெரிய வைத்தியரிடம் இந்தச் சாம்பல் மருந்தைக் கற்று வந்தவர். அவர் பிளேடால் என் நெஞ்சைக் கீறும்போது, "எனக்கு இதுல நம்பிக்கை இல்ல" என்று சொல்லிவிட்டேன். அவர் கோபப்படவில்லை. "நம்பச் சொல்லி யாரு கேட்டா? விதியைக் காப்பாத்து. ஒன் பக்கத்துல நடக்கிறவன் உயிரு ஒன் காலுல இருக்கு. அது போதும்" என்றார்.

விதிகள் இவைதான். குனியக் கூடாது. மரத்தின் பின்னால் ஒளியக் கூடாது. திரும்பிப் பார்க்கக் கூடாது. கைப்பற்றிய ஊரில் ஒரு சோளக்கதிரைக்கூடத் தொடக் கூடாது. ஒருவன் மீறினால் அவன் சாகமாட்டான், பக்கத்தில் நடப்பவன் சாவான்.

முதல்முறை நடந்ததை எப்படி எழுதுவது என்று தெரியவில்லை. பட்டப்பகல், திறந்த சாலை. தகரத்தைத் தட்டிக்கொண்டு, பாடிக்கொண்டு நடந்தோம். எதிரே சுட ஆரம்பித்தார்கள். குண்டு காதருகே போனால் துணி கிழிவதுபோல் கேட்கிறது. என் கால்கள் எனக்குத் தெரிந்த கால்கள்தான், ஓடத் தயாராக இருந்தன. என் உயிருக்காக என்றால் ஓடியிருப்பேன். ஆனால் இடப்பக்கம் பெர்னபே உரக்கப் பாடிக்கொண்டு வந்தான். நான் ஓடினால் அவன் சாவான். அவனும் என்னைப் பற்றி அதையே நினைத்திருக்க வேண்டும். அப்படி ஒருவரையொருவர் பிடித்துக்கொண்டே சாலை முழுக்க நடந்தோம்.

எதிரே சுட்டவர்கள் நின்றார்கள். பிறகு ஓடினார்கள். அடுப்பில் கொதித்த கஞ்சியை அப்படியே விட்டுவிட்டு, என்னைப் பார்த்துப் பயந்து ஓடினார்கள், எர்மெலிண்டா. என்னைப் பார்த்து!

இன்னொரு விதி இருக்கிறது. அது உனக்கு. நான் வரும்வரை பூசணி இலை சமைக்கவோ தின்னவோ கூடாது. எல்லார் மனைவிக்கும் இதுதான். கோபப்படாதே.

செவரினோ


கெலிமானே
20 டிசம்பர் 1990

நோயெமியாவின் அப்பாவுக்கு,

கோபப்படாதே என்று எழுதினால் கோபம் வராதா? நான் இங்கே ஒரு இலையைக் கிள்ளி வாயில் போட்டால் அங்கே உங்கள் நெஞ்சில் குண்டு பாயுமாம். இத்தனை நாள் என் சமையலில் உப்பு கூடியதற்குத்தான் பேச்சு வாங்கியிருக்கிறேன். இப்போது கொலைப்பழியும் வரும் போலிருக்கிறது.

மகள் கன்னத்து விஷயம் எனக்கு அன்றைக்கே தெரியும். கொசு ஐந்து விரலாகக் கடிக்காது. கேட்க வேண்டாம் என்று விட்டேன்.

மழை பிடித்துக்கொண்டது. அபூதுவும் அவன் ஆட்களும் கூரையை வேய்ந்து கொடுத்தார்கள். பூசணிக் கொடி கழிப்பிடக் கூரையில் ஏறி, வேலியில் ஏறி, தண்ணீர்ப் பம்பையும் சுற்றிக்கொண்டது. முகாமில் பச்சையாகத் தெரிவது அது ஒன்றுதான். யாரும் கிள்ளுவதில்லை. நிவாரணச் சோளமாவும் உப்பும் மட்டும் தின்று பிள்ளைகளுக்கு வாயோரம் வெடித்திருக்கிறது. ஒருத்தி பானையை இன்னொருத்தி எட்டிப் பார்க்கிறாள். அதிலும் உங்களோடு அங்கே இருக்கும் தொமேயின் மனைவி ஒலிண்டா இருக்கிறாளே, "என்ன அக்கா, வாசனை தூக்குது!" என்று மூடியையே திறந்துவிடுவாள். நோயெமியா நேற்று ஒலிண்டாவிடமே போய், "ஆடு மட்டும் பூசணி இலை தின்னுதே, ஆட்டுக்குப் புருஷன் இல்லையா?" என்று கேட்டுவிட்டாள். பம்படியில் எல்லாரும் சிரித்தார்கள். ஒலிண்டா மட்டும் ஆட்டை விரட்டப் போனாள்.

நான் நம்பவில்லை. ஆனால் தின்னவும் இல்லை. கொழுந்தைக் கிள்ளக் கை போகும், உங்கள் மூக்குக்கண்ணாடி ஞாபகம் வரும், கையை இழுத்துக்கொள்வேன். போதுமா?

இதையும் எழுத வேண்டும். சென்ற வாரம் நீங்கள் மீட்ட ஊர்களிலிருந்து ஆட்கள் வந்தார்கள். காட்டுக்காரர்கள் பிடியில் வருஷக்கணக்கில் கிடந்தவர்கள். சாலையில் வரிசையாக வந்தபோது மரங்கள் நடந்து வருவதுபோல் இருந்தது. துணி இல்லை. மரப்பட்டையை அடித்து மெதுவாக்கி இடுப்பில் கட்டியிருந்தார்கள். வெளிச்சத்தைப் பார்க்கக் கூசினார்கள். என் வயதுள்ள ஒருத்திக்கு என் இன்னொரு கப்புலானாத் துணியைக் கொடுத்தேன். அதைக் கட்டிக்கொள்ளாமல் முகத்தில் வைத்து மூச்சை இழுத்தாள். பிறகு, "எங்கள வெளிய கொண்டாந்தவங்க கையில துப்பாக்கியே இல்ல, தெரியுமா? பாடிக்கிட்டே வந்தாங்க. ஒருத்தர் மூக்குக்கண்ணாடி போட்டிருந்தாரு" என்றாள்.

அன்று நான் அப்பம் விற்கப் போகவில்லை. எல்லாவற்றையும் அவர்களுக்கே கொடுத்துவிட்டேன்.

எர்மெலிண்டா


நக்கூரோ
13 ஜனவரி 1991

நோயெமியாவின் அம்மாவுக்கு,

பெர்னபே இறந்துவிட்டான். என் இடப்பக்கம்தான் நடந்தான், வலப்பக்கம் தொமே. பாட்டின் நடுவில் குரல் நின்றது. திரும்பிப் பார்க்கக் கூடாது என்பதால் நான் பார்க்கவில்லை. எல்லாம் முடிந்து திரும்பி வந்தபோதுதான் பார்த்தேன். தொண்டையில் பட்டிருந்தது.

அன்று எங்கள் ஆட்கள் காட்டுக்காரர்கள் சிலரைப் பிடித்தார்கள். அவர்களை என்ன செய்தார்கள் என்று எழுதமாட்டேன். நான் தொடவில்லை. தடுக்கவும் இல்லை.

புதைத்த பிறகு யாரும் யாரையும் பார்க்கவில்லை. மருந்து போய்விட்டதா என்பதுதான் எல்லார் மனசிலும். நிஹோரோ, "பெர்னபே நேராத்தான் நடந்தான், நான் பாத்தேன். ரெண்டு பக்கத்துல வந்தவனும் குனியல. அப்போ தப்பு இங்க நடக்கல. வீட்டுல நடந்திருக்கு" என்றார்.

அவன் மனைவி ஜெனோவேவா பூசணி இலை தின்றிருக்கிறாள் என்று அர்த்தம்.

உன்னிடம் மறைக்கமாட்டேன். அதைக் கேட்டதும் எனக்கு நிம்மதியாக இருந்தது. தப்பு அவளுடையது என்றால் மருந்து பழுதில்லை. நாளை என்னால் மறுபடி நடக்க முடியும். எல்லார் தோளும் இறங்கியதைப் பார்த்தேன். சிலர் பாடவே ஆரம்பித்தார்கள்.

இம்மாதக் கடைசியில் நமுவாலாவுக்குப் போகிறோம். நம் ஊர். அங்கேதான் அவர்களுடைய பெரிய பாசறை இருக்கிறது. அதுவரை தயவுசெய்து கவனமாக இரு. ஜெனோவேவாவின் பக்கம் போகாதே. செய்தி அங்கே வந்து சேர்ந்திருக்கும்.

செவரினோ


கெலிமானே
24 ஜனவரி 1991

நோயெமியாவின் அப்பாவுக்கு,

நிம்மதியாக இருந்தது என்று எழுதியிருக்கிறீர்கள். உங்கள் நிம்மதி இங்கே வந்து என்ன செய்தது என்று கேளுங்கள்.

ஜெனோவேவாவின் அடுப்பில் தண்ணீர் ஊற்றினார்கள். பானையை உடைத்தார்கள். ஊற்றியது ஒலிண்டா. பம்பில் தண்ணீர் பிடிக்க விடவில்லை. புருஷனுக்கு அழக்கூட அவளை விடவில்லை, "கொன்னுட்டு அழுவுறியா?" என்றார்கள். நான் தண்ணீர் வரிசையில் நின்றுகொண்டிருந்தேன். என் வாளி நிறைந்ததும் எடுத்துக்கொண்டு வந்துவிட்டேன்.

மறுநாள் அவள் குடிசைக்குப் போனேன். போகாதே என்று நீங்கள் எழுதிய கடிதம் மடியில் இருந்தது. அவள் சுவரைப் பார்த்துப் படுத்திருந்தாள். "சாப்பிட்டியா?" என்று கேட்டேன். சோறு சாப்பிட்டாயா என்றுதான் கேட்டேன். அவள் அதை வேறு மாதிரி எடுத்துக்கொண்டாள். "சத்தியமா இல்ல அக்கா" என்றாள். கொஞ்ச நேரம் கழித்து, "ஆனா எல்லாரும் சொல்றாங்களே. தூக்கத்துல எந்திரிச்சுப் போய்த் தின்னிருப்பேனோ?" என்று கேட்டாள்.

அந்தக் கேள்வியைக் கேட்டுப் பயந்துவிட்டேன். காட்டுக்காரர்கள் வீட்டைக் கொளுத்தியபோதுகூட நான் அப்படிப் பயந்ததில்லை.

பம்படிக்குப் போனேன். எல்லார் முன்னாலும் கொடியிலிருந்து கொழுந்தாகக் கிள்ள ஆரம்பித்தேன். ஒலிண்டா ஓடிவந்து என் கையைப் பிடித்தாள்.

"பைத்தியமா ஒனக்கு? என் புருஷனும் அங்கதான் இருக்காரு!"

"எம் புருஷனும் அங்கதான் இருக்காரு. ஒன் புருஷன் பக்கத்துலதான் நடக்கிறாரு."

"அப்புறம் ஏன் இப்படிப் பண்ற?"

"நாளைக்கு தொமே விழுந்தா ஒன் அடுப்புல தண்ணி ஊத்துவாங்க ஒலிண்டா. நான்தான் ஊத்துவேன். நீ தின்னியா இல்லையான்னு நான் கேக்கமாட்டேன். ஜெனோவேவாகிட்ட நீ கேட்டியா?"

அவள் கையை விட்டுவிட்டாள்.

நிவாரணக் கஞ்சி காய்ச்சும் பெரிய அண்டாவைத் திறந்த வெளியில் அடுப்பில் ஏற்றினேன். தேங்காய்ப் பால் விட்டு, நிலக்கடலை இடித்துப் போட்டு, நல்ல வெயிலில், முகாம் முழுக்கப் பார்க்கச் சமைத்தேன். அத்தனை பேர் சுற்றி நின்றும் அடுப்பு எரியும் சத்தம் மட்டும்தான். ஜெனோவேவாவைக் கூட்டிவந்து பக்கத்தில் உட்கார வைத்தேன். முதல் வாயை நான் எடுத்தேன். கை நடுங்கியதில் பாதி மடியில் சிந்தியது. விழுங்கும்போது உங்கள் முகம்தான். நம்பாதவள் என்று பெருமையடித்தேனே, அன்றுதான் தெரிந்தது நான் எவ்வளவு நம்பியிருக்கிறேன் என்று.

யாரும் வரவில்லை. கீரை ஆறிக்கொண்டே வந்தது. எழுந்துவிடலாம் என்று நினைத்தபோது ஒருத்தி வந்து எதிரே உட்கார்ந்தாள். ஒலிண்டா. அழுதுகொண்டே கையை நீட்டினாள். வைத்தேன். தின்றாள். அதன் பிறகு ஒவ்வொருத்தியாக வந்தார்கள். கர்ப்பிணிகள் வந்தார்கள். ஒருத்தி வாந்தியெடுத்துவிட்டு வாயைக் கழுவிக்கொண்டு மறுபடி வந்து உட்கார்ந்தாள். வராதவர்களும் உண்டு. பிள்ளைகளை இழுத்துக்கொண்டு தூரப் போய் நின்றார்கள். அவர்களைக் குறை சொல்லமாட்டேன். அண்டா காலியானது. கடைசி வாயை ஜெனோவேவா தின்றாள்.

நான் பெரிய தேவாலயத் திருவிழா பார்த்திருக்கிறேன், சுதந்திரம் வந்த நாளின் கூட்டம் பார்த்திருக்கிறேன். இதைப் போல ஒன்றைப் பார்த்ததில்லை. ஒவ்வொருத்தி கண்ணிலும் சாவுபயம் இருந்தது. ஆனாலும் ஒருத்தியும் எழுந்து போகவில்லை.

நிஹோரோவிடம் சொல்லுங்கள். நாங்கள் தின்றோம். இனி யார் விழுந்தாலும் யாரைக் கேட்பீர்கள்?

தெரியாமல் நீங்கள் நடக்கக் கூடாது என்றுதான் இதை அபூதுவிடம் உடனே கொடுக்கிறேன். பயமாக இருந்தால் வந்துவிடுங்கள். வந்தால் ஒரு வார்த்தை கேட்கமாட்டேன்.

எர்மெலிண்டா


நமுவாலா
6 பிப்ரவரி 1991

எர்மெலிண்டா,

உயிரோடு இருக்கிறேன். முதலில் அது.

நாங்கள் புறப்படுவதற்கு முந்தைய நாள் மாலை உன் கடிதம் வந்தது. படித்துவிட்டுச் சட்டைக்குள் வைத்துக்கொண்டேன். யாருக்கும் தெரியாமல் இருந்தால் எல்லாரும் தைரியமாக நடப்பார்கள் என்று நினைத்தேன். ஆனால் தொமே வந்து, "வாத்தியாரே, ஒலிண்டாவப் பத்தி ஏதாவது எழுதியிருக்காங்களா?" என்று கேட்டான். அவன் முகத்தைப் பார்த்துப் பொய் சொல்ல முடியவில்லை. எல்லாரையும் கூப்பிட்டு உரக்கப் படித்தேன். பள்ளிக்கூடத்தில் படிப்பதுபோல, ஒரு வரி விடாமல்.

ஒருவன் ஈட்டியை என் முகத்துக்கு நேரே நீட்டி, "ஒன் பொண்டாட்டி நம்மளக் கொன்னுட்டா" என்று கத்தினான். சிலர் அங்கேயே நாடாவை அவிழ்த்துப் போட்டுவிட்டுக் கிளம்பிவிட்டார்கள். நிஹோரோ தரையையே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு ஒலிண்டா வந்து உட்கார்ந்த இடத்தை மட்டும் மறுபடி படிக்கச் சொன்னார். படித்தேன். "அவங்களுக்கு யாரும் மருந்து போடலையே" என்றார். வேறு யாரிடமோ பேசுவதுபோல இருந்தது. அதன் பிறகு, "போறவன் போகலாம். கேள்வி இல்ல. நான் காலையில நமுவாலாவுக்கு நடக்கிறேன். எனக்கு மருந்து இருக்கான்னு எனக்கே தெரியாது" என்றார்.

நான் போயிருக்கலாம். நீயே எழுதியிருந்தாய். சாலைவரை போனேன், மறைக்கமாட்டேன். அங்கே நின்று, உன் கை நடுங்கிப் பாதி கீரை மடியில் சிந்தியதை நினைத்தேன். திரும்பி வந்துவிட்டேன்.

காலையில் பாட்டு எழவில்லை. வெறும் தகரச் சத்தத்தோடு நடந்தோம். ஆற்றைத் தாண்டியதும் நம் பள்ளிக்கூடத்தின் மேற்குச் சுவர் தெரிந்தது, அதன் பின்னாலிருந்து சுட்டார்கள். இதுவரை குண்டு எங்களுக்கு ஒரு சத்தம்தான். அன்றுதான் அது குண்டு. ஒவ்வொரு அடியையும் நானாகத்தான் எடுத்துவைக்க வேண்டியிருந்தது. பாதித் தூரத்தில் எனக்குத் தாங்கவில்லை. எல்லாரும் ஓடியிருப்பார்கள், நான் மட்டும் முட்டாளாக நடக்கிறேன் என்று தோன்றியது. விதியை மீறித் திரும்பிப் பார்த்தேன்.

எல்லாரும் வந்துகொண்டிருந்தார்கள், எர்மெலிண்டா. கண்ணீர் வழிய வந்தார்கள். ஒருவனுக்குக் கால்சட்டை நனைந்திருந்தது. முதல்நாள் நாடாவை அவிழ்த்துப் போட்டவர்களில் இரண்டு மூன்று பேர் நாடா இல்லாமலே கடைசி வரிசையில் வந்துகொண்டிருந்தார்கள். நான் திரும்பிப் பார்ப்பதைப் பார்த்து நிஹோரோ சிரித்தார். அப்புறம் அவரும் திரும்பிப் பார்த்தார். பாட்டு அப்போதுதான் எழுந்தது. யார் ஆரம்பித்தார்கள் என்று தெரியாது. அதற்கு முன்னாலும் பாடியிருக்கிறோம். அது இதுவரை நான் கேட்காத பாட்டாக இருந்தது.

காட்டுக்காரர்கள் ஓடிவிட்டார்கள். பூசணி இலை விஷயம் அவர்களுக்குத் தெரியாது. எங்கள் மருந்தை எங்களைவிட அவர்கள்தான் நம்பியிருக்கிறார்கள்.

ஓடாமல் நின்ற ஒருவன் சுட்டதில் தொமே விழுந்தான். கொஞ்ச நேரம் உயிர் இருந்தது. தண்ணீர் கேட்டான், கொடுத்தேன். ஒலிண்டா பெயரைச் சொன்னான்.

அவனைப் பள்ளிக்கூட வாசலில் கிடத்திச் சுற்றி நின்றோம். யாராவது ஆரம்பிப்பார்கள் என்று பயந்துகொண்டே நின்றேன். முதல்நாள் என்மேல் ஈட்டி நீட்டினானே, அவன் நிஹோரோவையே பார்த்தான். நிஹோரோ தொமேயின் கண்ணை மூடிவிட்டு, "துப்பாக்கி சுட்டுச்சு. செத்துட்டான். அவ்வளவுதான்" என்றார். அவன் தலையை அசைத்துவிட்டுக் குழி வெட்டப் போனான்.

வேறு யார் வாயிலாகவும் ஒலிண்டாவுக்குத் தெரியக் கூடாது. நீயே போய்ச் சொல்.

செவரினோ


கெலிமானே
17 பிப்ரவரி 1991

நோயெமியாவின் அப்பாவுக்கு,

சொன்னேன். உங்கள் கடிதம் வந்ததும் எனக்கு முன்னால் ஜெனோவேவா ஒலிண்டா வீட்டுக்குப் போய்விட்டாள். எப்படித் தெரிந்ததோ, என் நடையைப் பார்த்தே புரிந்துகொண்டிருப்பாள். நான் போனபோது அவள் ஒலிண்டாவின் அடுப்பை மூட்டிக்கொண்டிருந்தாள்.

ஒலிண்டா அழவில்லை. "நான் தின்னதாலயா?" என்றுகூடக் கேட்கவில்லை. "அங்க என்ன சொன்னாங்க?" என்று கேட்டாள். கடிதத்தை எடுத்து அந்த இடத்தைப் படித்தேன். துப்பாக்கி சுட்டுச்சு. செத்துட்டான். அவ்வளவுதான்.

"இன்னொரு தடவ படி" என்றாள். படித்தேன். மறுபடி படிக்கச் சொன்னாள். பம்படியிலிருந்து பெண்கள் வாளிகளை அப்படியே வைத்துவிட்டு வந்து வாசல் நிறைய நின்றார்கள். அன்று தூரப் போய் நின்றவர்களும் வந்திருந்தார்கள். அவர்களுக்கும் சேர்த்து உரக்கப் படித்தேன். நிஹோரோவின் அந்த வார்த்தையை அவள் வாய்க்குள்ளேயே சொல்லிப் பார்த்தாள். அதற்குப் பிறகுதான் தொமேயின் பெயரைச் சொல்லி அழுதாள். முகாம் முழுக்க அவளோடு அழுதது. யாரும் அவளைத் தடுக்கவில்லை.

அடுத்த லாரியில் நானும் மகளும் நமுவாலாவுக்கு வருகிறோம். ஒலிண்டாவும் ஜெனோவேவாவும் வருகிறார்கள். நால்வருக்கும் இடம் வேண்டும் என்று அபூதுவிடம் சொல்லிவிட்டேன்.

எர்மெலிண்டா